கும்பல்களின் வரலாறு படித்தால் சோறு கிடைக்குமா? மும்பைத் தமிழர்கள் கொஞ்சம் வாங்க

கோலிவாடா_பையன் | சனி, இரவு 10:12

எல்லோருக்கும் வணக்கம். சயான் கோலிவாடாவில் பிறந்து வளர்ந்தவன். போன வருடம் எம்.ஏ. வரலாறு முடித்தேன். இப்போது பகலில் ஒரு கோச்சிங் கிளாஸில் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குப் பாடம், சாயங்காலம் அப்பாவின் இஸ்திரிக் கடை.

பி.எச்டி.க்கு ஒரு யோசனை இருக்கிறது. 1950 முதல் 1985 வரை சயான், ஆண்டாப் ஹில், தாராவி, மாட்டுங்கா லேபர் கேம்ப் பக்கம் ஓடிய கள்ளச்சாராயத் தொழில், அதைப் பிடித்து வளர்ந்த தாதாக்கள், அவர்களோடு ஒட்டியும் ஒட்டாமலும் பிழைத்த சாதாரண ஜனங்கள். கும்பலையும் குற்றத்தையும் சமூக வரலாறாக எழுதுகிறவர்கள் வெளிநாடுகளில் நிறைய பேர் இருக்கிறார்கள் என்று வகுப்பில் கேள்விப்பட்டதிலிருந்து இது மண்டையிலேயே நிற்கிறது.

வீட்டில் சொன்னேன். அம்மா, "ரவுடிகளைப் பத்திப் படிக்க காலேஜ் எதுக்கு? நம்ம சந்துல நின்னாலே போதுமே" என்றார். அப்பா ஒன்றும் சொல்லவில்லை, பெட்டியில் கரியைக் கிளறிக்கொண்டிருந்தார். அதுதான் இன்னும் பயமாக இருக்கிறது.

இது ஒரு பிழைப்பாகுமா? ஆவணம் எங்கே கிடைக்கும்? உயிருக்கு ஆபத்து ஏதும் உண்டா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள். ஒரே வேண்டுகோள்: அந்தப் படத்தின் பெயரை இங்கே யாரும் எடுக்க வேண்டாம். அதில் வரும் வசனத்தையும்.


நெல்லைச்சீமை | சனி, இரவு 10:41

படத்தை எடுக்கவில்லை. ஆனால் தம்பி, ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. 31 வருடமாக இந்த ஊரில் இருக்கிறேன். ஆபீசில் புதிதாக ஒருவர் சேருவார். நான் தமிழன், தாராவியில் வளர்ந்தவன் என்று தெரிந்ததும் முகத்தில் ஒரு சிரிப்பு வரும். "வரதா பாய்?" என்பார், அந்தக் காலத்துத் தாதா வரதராஜன் முதலியாரைச் சொல்லி. அவ்வளவுதான், அதற்கப்புறம் நான் என்ன பேசினாலும் அந்தச் சிரிப்பு போகாது.

இங்கே நம் ஆட்கள் தோல் பதனிட்டார்கள், இட்லிப் பானையைத் தலையில் தூக்கித் தெருத்தெருவாக விற்றார்கள், நகராட்சியில் சாக்கடை அள்ளினார்கள். அவர்களைப் பற்றி எழுத நாதியில்லை. நீயும் படித்து முடித்துவிட்டு தாதாவைத்தான் பிடித்துத் தொங்க வேண்டுமா?


சுவடித்தூசி | சனி, இரவு 11:58

தம்பி, நான் இந்தத் துறையில்தான் இருக்கிறேன். 1920 முதல் 1950கள் வரை பம்பாய்ப் போலீஸும், ரவுடிக்கு அவர்கள் வைத்த 'குண்டா' என்ற சொல்லும் என்பது என் ஆய்வு. இப்போது புறநகர்க் கல்லூரி ஒன்றில் பாடம் எடுக்கிறேன், வீடு டோம்பிவலி. லோக்கல் ரயிலில் உட்கார இடம் கிடைத்த நாளில்தான் படிப்பு. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

நெல்லைச்சீமை ஐயாவின் எரிச்சல் நியாயம். ஆனால் தாதாவைப் பற்றி எழுதுவது வேறு, தாதா என்ற வேலை ஏன் இருந்தது என்று எழுதுவது வேறு. முதல் வேலையைப் பத்திரிகைக்காரர்கள் செய்துவிட்டார்கள்: யார் யாரைச் சுட்டார், எந்த நிறக் கார், எந்த ஹோட்டலில் டீ. சமூக வரலாற்றுக்காரனுக்கு அந்தக் கார் தேவையில்லை. அந்தச் சந்தில் தண்ணீர்க் குழாய் யார் பெயரில் இருந்தது, ஊரிலிருந்து வந்தவனுக்குக் கோலியில், அதாவது ஒற்றை அறையில், படுக்க இடம் பிடித்துக் கொடுத்தது யார், ரேஷன் கார்டுக்கு யார் சொன்னால் நடந்தது, வேலை போன மாதம் அரிசி யார் கடன் கொடுத்தார் என்பதுதான் அவன் கேள்வி. இதற்கெல்லாம் ஒரே ஆள் பதிலாக இருந்தால் அவன் தாதா ஆகிவிடுகிறான். அரசாங்கம் செய்யாத வேலையை அவன் செய்கிறான், அதற்குக் கூலியாக உன் பயத்தை வாங்கிக்கொள்கிறான்.

பம்பாய்க்கு இந்தக் கேள்வியை ஒழுங்காகக் கேட்டவர்களில் முக்கியமானவர் ராஜ்நாராயண் சந்தாவர்கர். கேம்பிரிட்ஜில் பாடம் நடத்தியவர், 2006ல் திடீரென்று இறந்துவிட்டார். மில் தொழிலாளர்களைப் பற்றி எழுதவந்தவர், மில் வாசலோடு நிற்காமல் சால் (தொழிலாளர்களின் ஒற்றை அறை வீடுகள் வரிசையாக உள்ள கட்டடம்), சந்து, கடன்காரன், குஸ்திக் களம் என்று உள்ளே போனார். ஆள் சேர்த்துவிடும் ஜாபர், வட்டிக்காரன், அகாடாவில் பயில்வான், சங்கத்துக்குக் கூட்டம் சேர்க்கும் தாதா எல்லாம் தனித்தனி மனிதர்கள் இல்லை, பல நேரம் ஒரே ஆளின் வேறு வேறு முகம் என்பதை அவர் எழுத்தில்தான் நான் முதலில் பார்த்தேன். 1928ல் ஆறு மாதம் நடந்த பொது வேலைநிறுத்தத்தையும், அதை அடுத்து 1929 பிப்ரவரியில், பட்டாணியர்கள் பிள்ளை பிடிக்கிறார்கள் என்ற வதந்தியில் மூண்ட கலவரத்தையும் படித்துப் பார். ஒரே தெரு, ஒரே ஆட்கள், ஒரு மாதம் தொழிற்சங்கக்காரன், அடுத்த மாதம் போலீஸ் குறிப்பில் குண்டா.

அந்த 'குண்டா' நம்மூருக்கு வந்து 'குண்டாஸ்' ஆனதும் ஒரு தனி வரலாறு. வங்காளத்தில் 1923லேயே குண்டாச் சட்டம். தமிழ்நாட்டில் 1982ல் 14ஆம் எண் சட்டம். இன்று டீக்கடையில்கூட "அவனைக் குண்டாஸ்ல போட்டுட்டாங்க" என்றுதான் பேசுகிறோம். சட்டத்தின் பெயர் அப்படியே ஆளின் பெயரானது எப்படி என்று யாராவது உட்கார்ந்து எழுத வேண்டும். எனக்கு நேரமில்லை.

சோறு விஷயம் நாளைக்கு எழுதுகிறேன். தூக்கம் வருகிறது.


ஆண்டாப்ஹில்_அருள் | ஞாயிறு, காலை 7:20

இதில் என்ன ஆராய்ச்சி? 1982ல் மில் ஸ்டிரைக். இரண்டரை லட்சம் பேர் தெருவுக்கு வந்தார்கள். அவர்கள் பிள்ளைகள் கும்பலில் சேர்ந்தார்கள். கதை முடிந்தது.


சுவடித்தூசி | ஞாயிறு, காலை 9:05

அருள், கதை அங்கே முடியவில்லை, அங்கே தொடங்கவும் இல்லை. ஸ்டிரைக் தொடங்கியது 1982 ஜனவரி 18. வரதராஜன் முதலியார், மஸ்தான், கரீம் லாலா என்ற தாதாக்கள் மூவரும் பெரிய ஆட்களானது அதற்கு முன்பே. சாராயம் 1949 மதுவிலக்குச் சட்டத்தின் பிள்ளை, அதற்கும் முன்னால் 1939 ஆகஸ்டில் காங்கிரஸ் மந்திரிசபை பம்பாய் நகரத்தில் ஒரு தடவை மதுவிலக்கு கொண்டுவந்து பார்த்திருக்கிறது. தங்கக் கடத்தல் 1968 தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டத்தில் கொழுத்தது. மட்கா என்ற எண் சூதாட்டம் இன்னும் வேடிக்கை: நியூயார்க் பருத்திச் சந்தையின் தொடக்க விலை, முடிவு விலை தந்தியில் வரும், அதன்மேல் பந்தயம். அந்த வழி 1961ல் நின்றுபோனதும் இங்கேயே எண் எடுக்க ஆரம்பித்தார்கள். அதனால்தான் இன்றைக்கும் 'ஓப்பன்', 'குளோஸ்' என்கிறார்கள். பருத்தி நெய்தவன் சாயங்காலம் பருத்தி விலைமேலேயே காசு கட்டியிருக்கிறான்!

ஸ்டிரைக் எரிகிற நெருப்பில் எண்ணெய். மறுக்கவில்லை. லால்பாக், பரேல் பக்கம் எத்தனை வீட்டில் அந்த வருடம் அடுப்பு அணைந்தது என்று எனக்கும் தெரியும். ஆனால் வேலை போன லட்சக்கணக்கான வீடுகளில் பெரும்பாலான பிள்ளைகள் வடாபாவ் வண்டி போட்டார்கள், செக்யூரிட்டி வேலைக்குப் போனார்கள், கொங்கணத்துக்குத் திரும்பினார்கள். "வறுமை, அதனால் குற்றம்" என்று ஒரே வரியில் சொன்னால் அந்தப் பிள்ளைகள் எல்லோரையும் கேவலப்படுத்துகிறோம்.


டாக்யார்ட்_பெரியவர் | ஞாயிறு, பகல் 12:30

எனக்கு 74 வயது. துறைமுகத்தில் கணக்கெழுதி ஓய்வு பெற்றவன், செம்பூரில் இருக்கிறேன். பேரன் இந்த இழையைக் காட்டினான்.

தம்பி, நீ வாய்மொழியாகக் கதை கேட்கப் போகிறாய் அல்லவா? அதற்கு ஒரு எச்சரிக்கை. மஸ்தான் ராமநாதபுரம் பனைக்குளத்துக்காரர், சின்னப் பையனாக அப்பாவோடு வந்து கிராஃபோர்ட் மார்க்கெட் பக்கம் சைக்கிள் கடையில் இருந்தார், அப்புறம் டாக்கில் கூலி வேலை என்பார்கள். நான் வேலைக்குச் சேர்ந்தபோது அவர் எப்போதோ பெரிய மனிதர். ஆனால் என்னோடு வேலை பார்த்தவர்களில் பாதிப் பேர் "எங்கப்பா கையாலதான் மஸ்தான் டீ குடிப்பார்" என்று சொல்வார்கள். எல்லாவற்றையும் கூட்டிப் பார்த்தால் அந்த மனிதர் ஒரு நாளைக்கு நானூறு டீ குடித்திருக்க வேண்டும்.

பொய் என்று சொல்லவில்லை. ஏன் எல்லோருக்கும் அந்த டீ தேவைப்பட்டது என்று யோசி.


கோலிவாடா_பையன் | ஞாயிறு, பகல் 1:02

ஐயா, இதை என் நோட்டில் முதல் பக்கத்தில் எழுதிக்கொண்டேன்.


கோர்ட்டு_காக்கா | ஞாயிறு, மாலை 4:47

வக்கீல். பெருநகர மாஜிஸ்டிரேட் கோர்ட்டுகளில் 19 வருடம். ஆவணம் எங்கே என்று கேட்டாய், யாரும் பதில் சொல்லவில்லை, நான் சொல்கிறேன்.

கொலைக் கேஸ்களின் பின்னால் போகாதே. அது எல்லோரும் போகிற வழி. நீ தடிபார், அதாவது ஊரைவிட்டு விலக்கும், உத்தரவுகளைத் தேடு. மராட்டியப் போலீஸ் சட்டம் 1951, பிரிவு 56. ஒருவனை அதிகபட்சம் இரண்டு வருடம் ஊரைவிட்டு வெளியே அனுப்பலாம். தண்டனை வாங்கியிருக்க வேண்டும் என்பதில்லை. இவனுக்கு எதிராகச் சாட்சி சொல்ல ஜனங்கள் பயப்படுகிறார்கள் என்று போலீஸ் அதிகாரிக்குத் தோன்றினால் போதும். உத்தரவில் ரகசிய வாக்குமூலம் என்று ஒரு பகுதி வரும். பெயரில்லாத சாட்சி. "நான் இன்ன பகுதியில் பாவ் கடை வைத்திருக்கிறேன், இவன் வந்து கத்தியைக் காட்டிக் காசு கேட்டான், எடுத்துக்கொண்டு போனான், புகார் கொடுக்கவில்லை." ஒரு மாதிரி எல்லாம் ஒரே அச்சில் வார்த்ததுபோலவே இருக்கும், பாதி டெம்ப்ளேட். ஆனால் அந்த அச்சுக்குள்ளேயே கடை என்ன கடை, ஹஃப்தா (மாமூல்) எவ்வளவு, எத்தனை மணிக்குத் தெரு அடங்கும் என்பதெல்லாம் தவறிப்போய் வந்து விழும்.

உச்ச நீதிமன்றத் தீர்ப்புகள் எல்லோருக்கும் திறந்தவை. 1952ல் குர்பச்சன் சிங் வழக்கு, 1956ல் ஹரி கேமு கவளி வழக்கு, இரண்டுமே பம்பாய். முதல் வழக்கில் மனுதாரரை பம்பாயை விட்டு அமிர்தசரஸுக்குப் போகச் சொல்லியிருந்தார்கள். 'சொந்த ஊருக்குப் போ' என்பது இந்த நகரத்தில் சட்டமாகவே இருந்திருக்கிறது, பார்.

அப்புறம் தகவல் உரிமைச் சட்டம். "விசாரணை பாதிக்கும்" என்று கையை விரிப்பார்கள். பிரிவு 8(3)ஐ எழுது. 20 வருடத்துக்கு முந்தைய விஷயம் என்றால் அந்தச் சாக்குகளில் பெரும்பாலானவை செல்லாது. மகாராஷ்டிராவில் விண்ணப்பம் 150 சொல்லுக்குள், ஒரே பொருள். கட்டணம் 10 ரூபாய். "கோப்பு கிடைக்கவில்லை" என்று பதில் வந்தால் அதையும் பத்திரமாக வை, எந்தக் கோப்பு எப்போது அழிக்கப்பட்டது என்று அடுத்த விண்ணப்பத்தில் கேள்.


சுவடித்தூசி | ஞாயிறு, இரவு 9:15

காக்கா சொன்னது தங்கம். என் ஆய்வில் பாதி அந்த வாக்குமூலங்கள்தான். முதல் வருடம் அவற்றை அப்படியே நம்பினேன். இரண்டாம் வருடம் எல்லாமே போலீஸ் இட்டுக்கட்டியது என்று தூக்கி எறிந்தேன். மூன்றாம் வருடம்தான் படிக்கவே தெரிந்தது.

மற்ற ஆவணங்கள்: காலா கோடாவில் எல்ஃபின்ஸ்டன் கல்லூரிக் கட்டடத்தில் மாநில ஆவணக்காப்பகம். அங்கே உள்துறையின் 'ஸ்பெஷல்' கோப்புகள், போலீஸ் ஆண்டறிக்கைகள், 1929 கலவர விசாரணைக் குழு அறிக்கை. சீட்டு எழுதிக் கொடுத்துவிட்டுக் காத்திருக்க வேண்டும். நான் கேட்ட ஒரு கட்டு பதினோரு நாள் வரவில்லை. பன்னிரண்டாம் நாள் வந்தது, உள்ளே வேறு ஜில்லாவின் மாட்டுத் திருட்டு. கோபத்தில் அதையே முழுக்கப் படித்தேன். அந்த மாட்டுத் திருட்டுதான் பின்னால் என் மூன்றாம் அத்தியாயம். சுதந்திரத்துக்குப் பிந்தைய கோப்புகள் வர வர மெலிந்துபோகும், அதற்குத் தயாராக இரு.

வெளிநாட்டில் இந்த வேலை செய்கிறவர்களைப் பார்த்தால் எனக்குப் பொறாமைதான். லண்டன் ஓல்டு பெய்லி கோர்ட்டில் 1674 முதல் 1913 வரை நடந்த விசாரணைகளின் அச்சுப் பதிவை வீட்டில் உட்கார்ந்து இலவசமாகத் தேடலாம். மான்செஸ்டரில் 1870களில் 'ஸ்கட்லர்' என்று பையன்கள் கும்பல். பெல்பாட்டம், பித்தளைப் பூண் போட்ட மரச் செருப்பு, கழுத்தில் பட்டுத்துணி, இடுப்பில் கனமான கொக்கி வைத்த பெல்ட். அந்த பெல்ட்தான் ஆயுதம். எல்லாம் ஆலையிலும் பட்டறையிலும் வேலை பார்த்த பொடியன்கள். அவர்களைப் பற்றி இன்று எழுத முடிகிறதென்றால் உள்ளூர்ப் பத்திரிகைகள் கோர்ட்டுச் செய்தியை வாரம் தவறாமல் போட்டதால். நம் பக்கத்துப் பையன்கள் 1960களில் என்ன சட்டை போட்டார்கள் என்பதற்கு எனக்கு ஒரு வரி ஆதாரம் கிடையாது. கல்யாண போட்டோ ஆல்பங்களைத்தான் கேட்டு வாங்க வேண்டும்.

இப்போது சோறு. நேராகச் சொல்கிறேன். நெட் தேர்வு எழுதி ஜே.ஆர்.எஃப். என்ற ஆய்வு உதவித்தொகை வாங்கினால் மாதம் 37,000, இரண்டு வருடம் கழித்து 42,000, வாடகைப்படி தனி. அது கிடைக்காமல் பி.எச்டி.யில் இறங்காதே, இஸ்திரிக் கடை வருமானத்தில் கோலிவாடாவிலிருந்து காலா கோடாவுக்கு ஐந்து வருடம் போய்வர முடியாது. பணம் சில மாதம் வராது, சேர்த்து வரும், அந்த இடைவெளிக்குக் கடன் கொடுக்க ஒரு நல்ல சினேகிதன் வேண்டும். முடித்தபின் உதவிப் பேராசிரியர் அடிப்படைச் சம்பளம் 57,700. கேட்க நன்றாக இருக்கிறதா? அந்த இடம் கிடைப்பதற்குள் மணிக்கணக்குக் கூலிக்கு, அதாவது 'தாசிகா' முறையில், வகுப்பெடுக்க வேண்டும். நான் ஏழு வருடம் எடுத்தேன். மே மாத விடுமுறைக்குக் காசு கிடையாது. ஒரு கல்லூரியில் பிப்ரவரி மாதப் பணம் செப்டம்பரில் வந்தது. நிரந்தரமானது 39 வயதில்.

நேர்முகத் தேர்வுகளில் என்ன கேட்பார்கள் தெரியுமா? "ஏன் மேடம் இந்த மாதிரி சப்ஜெக்ட்? பெண்கள் கல்வி பற்றிச் செய்திருக்கலாமே?" ஆண்களாக இருந்தால் "தாவூதைப் பார்த்திருக்கிறீர்களா?"


நெல்லைச்சீமை | ஞாயிறு, இரவு 10:20

சம்பளக் கணக்கு சொன்னதற்கு நன்றி மேடம். தம்பி, வங்கித் தேர்வு எழுது.


அரிசிமாவு_மாமி | ஞாயிறு, இரவு 10:33

நான் மாட்டுங்கா. எங்கள் தெருவில் இதெல்லாம் கிடையாது. ஆனால் ஸ்டேஷன் பக்கத்துப் பிள்ளையார் பந்தலுக்கு நாங்கள் எல்லோரும் போனோம், அங்கே கொடுத்த பிரசாதத்தையும் சாப்பிட்டோம். யார் காசு என்று கேட்கவில்லை. என் மாமனார் மட்டும் கையை நீட்டமாட்டார். அதையும் யாராவது எழுதினால் தேவலை.


தாராவி_பேத்தி | ஞாயிறு, இரவு 11:49

இதுவரை நான் எந்த இழையிலும் எழுதியதில்லை. இது எங்கள் வீட்டு விஷயம், எழுதலாமா வேண்டாமா என்று நேற்றிலிருந்து யோசித்தேன்.

எங்கள் ஆச்சி சாராய ட்யூப் தூக்கியவர். தாதா கதையில் ஆச்சிகள் வருவதில்லை என்பதால் சொல்கிறேன். தாத்தா தோல் ஷாப்பில் வேலை. சுண்ணாம்புத் தொட்டியிலேயே நின்று கையும் காலும் வெடித்து, அப்புறம் நெஞ்சும் கெட்டு, படுத்துவிட்டார். வீட்டில் நான்கு பிள்ளைகள். கறுப்பு வெல்லமும் நவசாகரமும் போட்டு ஊறவைத்துக் காய்ச்சுவது வேறு ஆட்கள். ஆச்சிக்கு வேலை, நிரப்பிய கார் ட்யூபை வயிற்றில் சுற்றிக் கட்டிக்கொண்டு, மேலே சேலையைச் சுற்றி, ஐந்து மாதக் கர்ப்பிணி மாதிரி நடந்து போய்ச் சேர்ப்பது. ரப்பர் சூடேறி வயிறெல்லாம் வேர்க்குருவாம். சயான் ஸ்டேஷனில் ஒரு போலீஸ்காரர் தினமும் பார்ப்பார். ஒருநாள் "எத்தனாவது மாசம் அம்மா?" என்று மராட்டியில் கேட்டாராம். ஆச்சி தனக்குத் தெரிந்த மராட்டியில் "பதினாலு" என்றாராம். அவர் சிரித்துவிட்டு அன்றைக்குக் கை நீட்டவில்லை. அடுத்த நாள் இரண்டு நாளுக்கும் சேர்த்து வாங்கிக்கொண்டார்.

இதை ஆச்சி சிரித்துக்கொண்டேதான் சொல்வார். ஆனால் என் அம்மா அந்த நேரம் எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவார். ஸ்கூலில் அம்மாவை 'ட்யூப்காரி மவ' என்று கூப்பிட்டிருக்கிறார்கள்.

தம்பி, ஆச்சிக்கு இப்போது 86. நீ வரலாம். ஆனால் எங்கள் பெயர், சந்து, அப்பாவின் வேலை எதுவும் வரக் கூடாது.


சுவடித்தூசி | திங்கள், காலை 6:50

லோக்கலில் நின்றுகொண்டு படித்தேன். பேத்தி, நன்றி. என்னிடம் மதுவிலக்குக் கேஸ் புள்ளிவிவரம் கட்டுக்கட்டாக இருக்கிறது, அதில் ஒரு வேர்க்குரு இல்லை.

தம்பி, நீ போவதற்கு முன் சில விஷயம். ஆபத்து என்று கேட்டாயே, பழைய தாதாக்களின் ஆட்களால் எனக்கு ஒருநாளும் தொந்தரவு வந்ததில்லை. அவர்களுக்குப் பேச ஆள் கிடைத்தால் போதும், விடவே மாட்டார்கள். தொந்தரவு வேறு இடத்திலிருந்து வரும். தாராவியில் இன்று நோட்டும் பேனாவுமாக ஒருவன் நுழைந்தால் "சர்வேயா?" என்பார்கள். குடிசையை இடித்துக் கட்டும்போது இலவச மாற்று வீடு கேட்க, 2000 ஜனவரி 1க்கு முன்னால் குடியிருந்ததற்குக் காகிதம் இருக்கிறதா இல்லையா என்பதில் ஒவ்வொரு வீட்டின் தலையெழுத்தும் தொங்கிக்கொண்டிருக்கிறது. "எந்த வருஷம் இந்த வீட்டுக்கு வந்தீங்க?" என்று நீ அப்பாவியாகக் கேட்பாய். அது அவர்களுக்கு வரலாற்றுக் கேள்வி இல்லை. அதனால் வீட்டைப் பற்றிக் கேட்காதே. சாப்பாட்டைப் பற்றிக் கேள், கல்யாணத்தைக் கேள், வருஷம் தானாக வரும்.

நடந்துகொண்டிருக்கும் கேஸ் எதையும் தொடாதே. யாராவது பேச்சுவாக்கில் தண்டனை பெறாத குற்றம் ஒன்றைச் சொன்னால் பேனாவை மூடு. உன் நோட்டைப் போலீஸ் கேட்டால் மறுக்க உனக்குச் சட்டப் பாதுகாப்பு எதுவும் கிடையாது. காக்கா திருத்தட்டும்.


கோர்ட்டு_காக்கா | திங்கள், காலை 10:10

திருத்த ஒன்றுமில்லை. வக்கீலிடம் சொன்னது ரகசியம், ஆராய்ச்சியாளனிடம் சொன்னது ரகசியம் இல்லை. பெயரை எழுதாதே, அவ்வளவுதான். இல்லாத பெயரை யாரும் பிடுங்க முடியாது.


ஆண்டாப்ஹில்_அருள் | திங்கள், பகல் 2:35

ஒன்று விட்டுப்போயிற்று. நம் ஊரில் செம்புலிங்கத்துக்குப் பாட்டுக் கட்டிப் பாடினார்கள் இல்லையா? பணக்காரனிடம் அடித்து ஏழைக்குக் கொடுத்தவன் என்று. இங்கேயும் தாதாவைப் பற்றி அதே பேச்சு. இருந்தவனிடம் எடுத்து இல்லாதவனுக்குக் கொடுத்தார் என்று என் அப்பாவே சொல்வார். அது உண்மையா இல்லையா என்று இந்த ஆராய்ச்சி சொல்லுமா?


சுவடித்தூசி | திங்கள், இரவு 9:40

அருள், இதுதான் நீங்கள் கேட்டதிலேயே நல்ல கேள்வி. சாராயத்தைக் குடித்தவன் யார்? தோல் ஷாப்காரன், மில்காரன், சாக்கடை அள்ளியவன். காசு அவன் பையிலிருந்து வந்தது. அதில் ஒரு பங்கு கல்யாணச் செலவு, ஆஸ்பத்திரிச் செலவு, பள்ளிக்கூட நோட்டு என்று அதே சந்துக்குத் திரும்பி வந்தது. ஏழையிடம் எடுத்து ஏழைக்குக் கொடுத்து, நடுவில் வள்ளல் பட்டம். ஆனாலும் அந்த ஆஸ்பத்திரிச் செலவில் பிழைத்த பிள்ளை பிழைத்ததுதான், அதையும் விட்டுவிட முடியாது. குடித்துச் செத்தவனின் வீட்டையும் பிழைத்த பிள்ளையின் வீட்டையும் ஒரே வாரத்தில் போய்ப் பார். எனக்கு இரண்டும் ஒரே வீடாக இருந்த அனுபவமும் உண்டு.

இன்னொரு பக்கமும் பார்க்க வேண்டும். 1871 குற்றப் பரம்பரைச் சட்டம் பிறந்த குழந்தையையும் குற்றவாளிக் கணக்கில் சேர்த்தது. 1920 ஏப்ரல் 3ல் பெருங்காமநல்லூரில் கைரேகை வைக்க மாட்டோம் என்றவர்களைச் சுட்டார்கள். அப்படி ஒரு ஊரிலிருந்து வந்தவர்கள் நாம். ஒரு சந்தையே, ஒரு மொழிக்காரர்களையே 'கும்பல்' என்று எழுதும் போலீஸ் பேனா எங்கிருந்து வந்தது என்பது நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். நெல்லைச்சீமை ஐயாவின் ஆபீஸ் சிரிப்புக்கும் அந்தப் பேனாவுக்கும் உறவு உண்டு.


நெல்லைச்சீமை | திங்கள், இரவு 10:05

இருக்கலாம். ஆனால் சிரிப்பவனுக்கு நான் இதையெல்லாம் லிஃப்டில் வைத்து விளக்க முடியாதே.


கோலிவாடா_பையன் | மூன்று வாரம் கழித்து, ஞாயிறு, இரவு 8:30

எல்லோருக்கும் நன்றி. நெட் விண்ணப்பம் போட்டாகிவிட்டது. அப்பாவிடம் 37,000 என்ற எண்ணை மட்டும் சொன்னேன், "சரி" என்றார். வங்கித் தேர்வுக்கும் போட்டிருக்கிறேன், நெல்லைச்சீமை அண்ணாச்சிக்காக.

இன்று பேத்தி அக்கா வீட்டுக்குப் போனேன். கேள்விகள் எழுதி எடுத்துப் போயிருந்தேன், இருபத்திரண்டு. ஆச்சி முதலில் என் போனைக் காட்டி "அதை அந்த அரிசி டப்பாவுக்குள்ள போடு" என்றார். போட்டேன். மூடியும் வைக்கச் சொன்னார். பேத்தி அக்கா சிரித்தார், ஆச்சி சிரிக்கவில்லை.

இரண்டரை மணி நேரம் பேசினார். தாதா என்ற சொல் ஒரு தடவைகூட வரவில்லை. நானாகக் கேட்டபோது, "அவங்க வருவாங்க, போவாங்க" என்றார், அவ்வளவுதான். மீதி நேரமெல்லாம் வெல்லம் ஊறும் நாற்றம், மழைக்காலத்தில் சந்தில் முட்டளவு தண்ணீரில் ட்யூபோடு நடந்தது, நாலாவது பிள்ளை உண்மையிலேயே வயிற்றில் இருந்தபோது ட்யூபை எங்கே கட்டுவது என்று தெரியாமல் முதுகில் கட்டியது.

ஒன்று காட்டினார். எழுதப் படிக்கத் தெரியாது, கணக்கு எப்படி வைத்தீர்கள் என்று கேட்டேன். முந்தானை நுனியை எடுத்தார். ஒரு ட்யூபுக்கு ஒரு முடிச்சு. ஐந்து முடிச்சு ஆனால் அவிழ்த்துவிட்டு அடுத்த ஓரத்தில் ஒரு பெரிய முடிச்சு. சனிக்கிழமை கூலி வாங்கும்போது சேலையை நீட்டிக் காட்டுவாராம். "ஒருநாளும் ஏமாத்த முடியல" என்றார். பேசிக்கொண்டே விரல் தானாக முடிச்சுப் போட்டது. எழுந்து வரும்போது எண்ணினேன், மூன்று இருந்தது.

அடுத்த ஞாயிறு வரச் சொல்லியிருக்கிறார், நெத்திலிக் கருவாடு வாங்கிக்கொண்டு. உப்பு அதிகமில்லாததாக வேண்டுமாம். எங்கள் பக்கத்தில் கிடைப்பது எல்லாம் ஒரே மணலாக இருக்கிறது. எங்கே நல்லதாகக் கிடைக்கும்?


நெல்லைச்சீமை | ஞாயிறு, இரவு 8:52

கருவாட்டுக்கு மட்டும் பதில் சொல்கிறேன், மற்றதில் என் கருத்து மாறவில்லை. தாராவி கோலிவாடாவுக்குள் போ. காலை பத்து மணிக்கு முன்னால் போனால் வாசலில் கூடை வைத்து உட்கார்ந்திருப்பார்கள். நெத்திலி என்று கேட்டால் தெரியாது, 'மாந்தேலி' என்று எடுத்துக் கொடுத்துவிடப் போகிறார்கள், அது வேறு. பார்த்து, கையில் எடுத்து உதறி வாங்கு. ஆச்சிக்கு எந்த ஊர் என்று கேட்டுச் சொல்.